‘நான் யார்?’ ஜெபம் அல்ல

பினாங்கு தண்ணீர்மலை முருகன் கோயிலுக்கு 513 படிகள். ஒரு ஞாயிற்றுக்கிழமை, எனக்கு முன்னால் ஏறிய தம்பி படிக்குப் படி “நான் யார், நான் யார்” என்று முணுமுணுத்துக்கொண்டே போனார். மேலே உட்கார்ந்து பேசினோம். “ஆறு மாசமா சொல்றேன் அண்ணே, ஒண்ணுமே நடக்கல” என்றார்.

உயிரும் பிரம்மம் என்னும் பரம்பொருளும் இரண்டல்ல, ஒன்றே என்பது அத்வைதம். அதில் ஆசையோடு இறங்குகிறவர்கள் பலர் விழும் குழி இது. சிவப்பிரகாசம் பிள்ளை என்ற அன்பர் கேட்க, திருவண்ணாமலையில் வாழ்ந்த ரமண மகரிஷி எழுதிக் காட்டிய பதில்கள்தான் ‘நான் யார்?’ என்ற சிறுநூல். அதை நிதானமாகப் படியுங்கள். ‘நான் யார்’ என்று உருப்போடச் சொல்லவே இல்லை. ஓர் எண்ணம் எழுந்தால் அதன் பின்னால் ஓடாமல், ‘இது யாருக்கு?’ என்று கேட்கச் சொல்கிறார். ‘எனக்கு’ என்று தோன்றும். அந்த ‘நான்’ எங்கிருந்து கிளம்புகிறது என்று பார்த்தால், மனம் வந்த வழியே திரும்பும்.

அந்தத் தம்பியையே செய்து பார்க்கச் சொன்னேன். முழங்கால் வலி. யாருக்கு? எனக்கு. அதற்குமேல் சொல் வரவில்லை, சும்மா இருந்தார். அங்கேதான் நிற்க வேண்டும். ‘நானே பிரம்மம்’ என்று மனம் சட்டென்று பதில் நீட்டினால், அதுவும் இன்னோர் எண்ணம்தான். பிணம் சுடும்போது நெருப்பைக் கிளறும் தடி கடைசியில் தானும் எரிந்துபோவதுபோல, ‘நான் யார்’ என்னும் இந்த விசாரணையும் அழிய வேண்டியது.

இன்னொரு தவறு என்னை மிகவும் வருத்துவது. கணவரைப் பறிகொடுத்த ஓர் அக்காவிடம், துக்கம் கேட்க வந்த ஒருவர் “எல்லாம் மாயை, அழாதீங்க” என்றார். அக்கா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். மாயை என்றால் ‘ஒன்றுமே இல்லை’ என்று, அத்வைதத்தை விளக்கிய ஆதிசங்கரர் சொல்லவில்லை. அரையிருட்டில் கயிறு பாம்பாகத் தெரிகிறது. பாம்புதான் பொய், கயிறு அங்கே கிடக்கிறது. அதுபோல, உலகமாகத் தெரிவதன் அடியில் பிரம்மம் இருக்கிறது. அத்வைதத்தை உள்ளத்தில் வை, செய்கையில் காட்டாதே என்று ரமணரின் ‘உள்ளது நாற்பது’ நூலின் பிற்சேர்க்கையான அனுபந்தத்திலேயே இருக்கிறது. அழுகிறவர் பக்கத்தில் உட்காருங்கள், போதும்.

தியானத்தில் ஒளி தெரிந்தது, ஓசை கேட்டது என்று பூரித்துப்போகவும் வேண்டாம். வருவது போகும். அதைப் பார்த்தவர் யார் என்பதே கேள்வி.

“அப்போ தைப்பூசத்துக்குப் பால்குடம் எடுக்கிறத விட்டுடணுமா அண்ணே?” என்று தம்பி தயங்கிக் கேட்டார். அருணாசலம் என்னும் திருவண்ணாமலையின்மேல் 108 கண்ணிகளில் உருகி ‘அட்சரமணமாலை’ என்ற பாமாலை பாடியவர் ரமணர். பக்தியை அவர் தள்ளவில்லை. எடுங்க தம்பி என்றேன். பாதிப் படியில் தலை கனக்கும்போது, அந்தக் கனம் யாருக்கு என்று மட்டும் ஒருமுறை பாருங்க.