அல்கோடூவில் கேரம் காய் ஏன் நிற்பதில்லை?

அல்கோடூ என்பது வரைந்த பொருள்களை இயற்பியல் விதிப்படி ஓடவிட்டுப் பார்க்கும் கணினி மென்பொருள். அதைத் திறந்த முதல் பத்து நிமிடம் யாருக்கும் கொண்டாட்டம்தான். வட்டம் போட்டால் பந்து, நீளமாக இழுத்தால் பலகை. ஓடவிட்டால் எல்லாம் உருளும், மோதும், சிதறும். சுவீடனில் உமெயோ பல்கலைக்கழக மாணவராக இருந்த எமில் எர்னர்ஃபெல்ட் 2008இல் வெளியிட்ட மென்பொருளிலிருந்து வளர்ந்தது இது. பினாங்கின் ஜார்ஜ் டவுனில் நான் நடத்தும் தியூஷனில் நான்காம் படிவப் பிள்ளைகளுக்கு இதைத்தான் கொடுக்கிறேன். அவர்கள் வழக்கமாகச் சறுக்கும் இடங்கள் சில உண்டு.

முதலில் அளவு. ஒரு பையன் மேசையிலிருந்து கோலிக்குண்டு விழுவதை வரைந்தான். குண்டு ஆடி அசைந்து இறங்கியது. "என்ன சார், நிலாவுல விழற மாதிரி இருக்கு?" கட்டக்கோடுகளைப் போட்டுப் பார்த்தால் மேசையின் உயரம் 20 மீட்டர்! ஆயர் ஈத்தாம் அடுக்குமாடியில் ஆறேழு மாடி. அங்கிருந்து விழ 2 வினாடி ஆகத்தான் செய்யும். 80 சென்டிமீட்டர் மேசைக்கு 0.4 வினாடி போதும்.

அடுத்தது சரிவு. 30 பாகைச் சரிவில் பந்தை உருட்டிவிட்டு, முடுக்கம் 4.9 மீ/வி² வரவேண்டும், 3.3தான் வருகிறது, மென்பொருள் தப்பு என்று சண்டைக்கு வருவார்கள். 4.9 என்பது உராய்வில்லாமல் வழுக்கும் பொருளுக்கு. உருள்வதற்கும் ஆற்றல் செலவாகிறதே! சரி, உருண்டைக்கு 3.5 என்கிறதே புத்தகம்? அல்கோடூவின் வட்டம் உருண்டை அல்ல, தட்டு. தட்டுக்கு 3.27தான். இதைப் புரிந்துகொண்ட பிள்ளைக்கு நான் தனியாகப் பாடம் எடுக்க வேண்டியதில்லை.

மெல்லிய சுவரை வேகமான பந்து ஊடுருவிப் போனால் புதிய விதி எதையும் கண்டுபிடித்துவிடவில்லை. கணினி நேரத்தைத் துண்டு துண்டாக வெட்டிக் கணக்குப் போடுகிறது. இரண்டு துண்டுகளுக்கு நடுவே பந்து சுவரைத் தாண்டிவிட்டது. சுவரைத் தடிமனாக்குங்கள்.

எனக்குப் பிடித்த தவறு கேரம். மேலிருந்து பார்ப்பதுபோல் பலகையை வரைந்தாள் ஒருத்தி. காய்களெல்லாம் திரையின் அடிப்பக்கம் போய் விழுந்தன. ஈர்ப்பை அணைத்தாள், இப்போது காய் நிற்கவே இல்லை. உராய்வெண்ணை, அதாவது உராய்வு எவ்வளவு என்று சொல்லும் எண்ணை, ஏற்றிப் பார்த்தாள், பலனில்லை. காய்க்கு அடியில் இருக்கும் பலகை இந்தத் தட்டை உலகத்தில் கிடையாது. உராய்வு விளிம்போடு விளிம்பு உரசும்போது மட்டும்தான். அப்புறம் காற்றுத் தடையைப் போட்டாள். காய் தளர்ந்தது, ஆனால் ஊர்ந்துகொண்டே இருந்தது. வேகம் குறையக் குறைய காற்றின் தடையும் குறையும். நிஜக் காய்க்கோ வினாடிக்கு வினாடி ஒரே அளவு வேகம் போய், டக்கென்று நின்றுவிடும்.

"பக்கவாட்டில் வரைம்மா," என்றேன். ஈர்ப்பு மறுபடி வந்தது. நீளப் பலகை, மேலே ஒரு தட்டைக் காய். உராய்வெண் 0.2, வேகம் வினாடிக்கு 2 மீட்டர். ஓடவிடும் முன் எத்தனை தூரம் போகும் என்று தாளில் போடச் சொன்னேன். ஒரு மீட்டர் என்று வந்தது. கேரம் பலகை 74 சென்டிமீட்டர்தானே என்று தானாகவே பலகையை நீட்டிக்கொண்டாள்.