அளவு காரணி: முக்கோணத்தைச் சுருக்கவும் பெரிதாக்கவும் ஒரே வழி

பத்தாம் வகுப்பு வடிவியலில் ‘அளவு காரணி 3/5 கொண்ட வடிவொத்த முக்கோணம் வரைக’ என்று கேள்வி வந்தால், பல பிள்ளைகள் படிகளை அப்படியே மனப்பாடம் செய்துவிடுகிறார்கள். எண் 7/5 என்று மாறியதும் கை நின்றுவிடுகிறது. உள்ளே இருக்கும் காரணம் புரிந்துவிட்டால் இரண்டும் ஒரே கணக்குதான்.

முதலில் ஒரு கட்டத்தாளை எடுங்கள். நீளம் 4 கட்டம், அகலம் 3 கட்டம் என ஒரு செவ்வகம் வரையுங்கள். அளவு காரணி 2 என்றால் ஒவ்வொரு பக்கத்தையும் 2-ஆல் பெருக்க வேண்டும்: 8, 6. சிலர் 2-ஐக் கூட்டி 6, 5 என்று வரைகிறார்கள். அதைப் பக்கத்தில் வரைந்து பார்த்தால் தெரியும், அது வேறு ஒரு செவ்வகம்; சதுரத்தை நோக்கி நகர்ந்துவிட்டது. பெருக்கினால்தான் வடிவம் மாறாமல் இருக்கும். காரணி 1-ஐவிடக் குறைவு என்றால் உருவம் சுருங்கும், அதிகம் என்றால் பெரிதாகும். கோணங்கள் எப்போதும் மாறாது.

சரி, இப்போது முக்கோணம். அடிப்பக்கம் சட = 7.5 செ.மீ., கச = 5 செ.மீ., கட = 6 செ.மீ. என்று கசட முக்கோணத்தை வரையுங்கள். காரணி 3/5.

படி 1: ச-விலிருந்து, க இருக்கும் பக்கத்துக்கு எதிர்ப்பக்கத்தில், அடிப்பக்கத்தோடு குறுங்கோணம் அமையும்படி ஒரு கதிர் வரையவும். கோணம் மிகச் சிறியதாக இருந்தால் கோடுகள் நெருங்கிக் குழப்பும். 40 பாகை அளவில் இருந்தால் வசதி.

படி 2: கவராயத்தை ஏதாவது ஓர் அளவில் வைத்து, அதை மாற்றாமல், கதிரில் சமதூரத்தில் 5 புள்ளிகள் குறிக்கவும். 3, 5 இரண்டில் பெரிய எண் எதுவோ அத்தனை புள்ளிகள்.

படி 3: 5-ஆம் புள்ளியை ட-வுடன் சேர்க்கவும்.

தடுமாற்றம் வருவது இங்கேதான். எந்தப் புள்ளியை ட-வுடன் சேர்ப்பது? எப்போதும் பின்னத்தின் பகுதியில், அதாவது கீழே இருக்கும் எண்ணைத்தான். 3/5 என்றால் பழைய அடிப்பக்கத்தை 5 பங்காக்கி, அதில் 3 பங்கு எடுப்பது. ஆகவே பழைய அடிப்பக்கத்தின் முனையான ட, 5-ஆம் புள்ளியோடுதான் சேர வேண்டும். மேலே இருக்கும் தொகுதி எண், புதிய முக்கோணத்துக்கு உரியது.

படி 4: 3-ஆம் புள்ளி வழியாக, படி 3-இல் வரைந்த கோட்டுக்கு இணைகோடு வரையவும். 5-ஆம் புள்ளியை மையமாக வைத்து, கதிரையும் கோட்டையும் வெட்டும்படி ஒரு வில் போடுங்கள். ஆரத்தை மாற்றாமல் 3-ஆம் புள்ளியிலும் அதே வில். முதல் வில்லின் இரு வெட்டுப்புள்ளிகளுக்கு இடையே உள்ள தூரத்தைக் கவராயத்தில் எடுத்து இரண்டாவது வில்லில் குறித்தால், அதே கோணம் கிடைத்துவிடும். இணைகோடு அடிப்பக்கத்தை வெட்டும் இடமே புதிய ட.

படி 5: புதிய ட-விலிருந்து கட-வுக்கு இணைகோடு. அது கச-வை வெட்டும் இடம் புதிய க.

அளந்து பாருங்கள்: 4.5, 3, 3.6 செ.மீ. வர வேண்டும். இணைகோடுகள் பக்கங்களை ஒரே விகிதத்தில் வெட்டும் என்ற அடிப்படை விகிதசமத் தேற்றம்தான் இதற்குக் காரணம்.

அப்புறம் 7/5. இப்போது 7 புள்ளிகள். ட-வுடன் சேர்வது அதே 5-ஆம் புள்ளி, இணைகோடு 7-இலிருந்து. சட, சக இரண்டையும் முன்கூட்டியே நீட்டி வைத்துக்கொள்ளுங்கள், வெட்டும் புள்ளிகள் வெளியேதான் விழும். பக்கங்கள் 10.5, 7, 8.4 செ.மீ.

பரப்பளவு மட்டும் காரணியின் வர்க்கத்தால் மாறும். நம் செவ்வகம் 12 கட்டத்திலிருந்து 48 கட்டமானது, நான்கு மடங்கு. ஜெராக்ஸ் கடையில் ஏ4 தாளை ஏ3 ஆக்கும்போது இயந்திரத்தில் தெரியும் 141% என்ற எண்ணும் நீளத்துக்கான காரணிதான், 1.41. அதன் வர்க்கம் ஏறத்தாழ 2. அதனால்தான் இரண்டு ஏ4 தாள்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒரு ஏ3 தாளை நிரப்பிவிடுகின்றன.