'தி மேரேஜ் சர்க்கிள்' படத்தை எப்படி பார்க்கணும்

1924-ல எர்ன்ஸ்ட் லூபிட்ஷ் ஹாலிவுட்ல எடுத்த மௌனப் படம் இது, காமெடின்னு சொன்னதும் துரத்தல், அடிதடி எல்லாம் எதிர்பார்த்து உட்கார்ந்தீங்கன்னா பத்து நிமிஷத்துல போர் அடிச்சிடும். இங்க சிரிப்பு எல்லாம் கண்ணுலயும் கையிலயும்தான்.

முதல்ல நல்ல பிரிண்ட்டா தேடுங்க. அமெரிக்காவுல 2020-லயே காப்பிரைட் முடிஞ்சதால ஆன்லைன்ல ஈஸியா கிடைக்கும், ஆனா மங்கலான காப்பியில மூஞ்சியே தெரியாது, அப்படிப் பார்க்கறதுக்கு பார்க்காமலே இருக்கலாம். ஆளுங்க ஓடுற மாதிரி நடந்தா ஸ்பீடை கொஞ்சம் குறைச்சுக்கோங்க.

அடுத்து யாரு யாருன்னு பிடிச்சுக்கோங்க. கதை வியன்னாவுல நடக்குது. புரொபசர் ஸ்டாக்கும் அவரு பொண்டாட்டி மிட்ஸியும் எப்பவும் சண்டை. டாக்டர் பிரான்ஸும் அவன் பொண்டாட்டி சார்லட்டும் ஒரே கொஞ்சல். மிட்ஸி சார்லட்டோட பிரெண்டுதான், ஆனா குறி பிரான்ஸ் மேல, பிரான்ஸ் கூட வேலை பார்க்கிற டாக்டர் முல்லருக்கோ சார்லட் மேல ஒரு கண்ணு.

இனிமே பொருளைக் கவனிங்க. ஆரம்பத்துலயே ஸ்டாக் சாக்ஸ் போடுறப்ப ஓட்டை தெரியும், மிட்ஸியோட இழுப்பறையில மட்டும் சாக்ஸ் நிறைஞ்சு கிடக்கும், அந்தக் கல்யாணம் எப்படி ஓடுதுன்னு அதுலயே தெரிஞ்சிடும் (ஸ்டாக்கா நடிச்ச அடால்ஃப் மாஞ்சூ அதைப் பார்க்கிற பார்வை இருக்கே!). அந்தப் பக்கம் பிரான்ஸ் வீட்டு டிபன் டேபிள்ல முட்டையும் காபியும் அப்படியே நிக்கும், புருஷன் பொண்டாட்டிக்கு வேற வேலை.

முக்கியமான விஷயம், ஒவ்வொரு சீன்லயும் யாருக்கு என்ன தெரியும், யாருக்குத் தெரியாதுன்னு கணக்கு வச்சுக்கிட்டே வாங்க. விருந்து சீன்ல மிட்ஸி பக்கத்துல உட்காரக் கூடாதுன்னு யாரு எங்க உட்காரணும்னு டேபிள்ல வச்ச பேர் அட்டையை பிரான்ஸ் மாத்தி வைப்பான், பாவம் நல்ல எண்ணம்தான், அதைப் பார்த்த சார்லட் இவன் வேற ஒரு பொண்ணு பக்கத்துல உட்காரத் தவிக்கிறான்னு நினைச்சுக்கிட்டு, அவளை இவன்கிட்ட அண்ட விடாதேன்னு போய் யார்கிட்ட சொல்றான்னு நினைக்கிறீங்க, மிட்ஸிகிட்டயே! உண்மை நமக்குத் தெரியும், சார்லட்டுக்குத் தெரியாது, அதனாலதான் சிரிப்பு வருது. அந்த இடத்துல போனை நோண்டினீங்கன்னா போச்சு, அதுக்கப்புறம் தோட்டத்துல நடக்கிறது ஒண்ணும் புரியாது.

இதே கதையை லூபிட்ஷ் 1932-ல பேச்சு, பாட்டோட 'ஒன் அவர் வித் யூ'ன்னு திரும்ப எடுத்தாரு, அதை முதல்ல பார்த்துடாதீங்க, முடிச்சு எல்லாம் முன்னாடியே தெரிஞ்சிடும்.