தள்ளுபடியான விபத்து வழக்கை மீட்கும்போது செய்யக் கூடாத தவறுகள்

காலில் பிளேட் வைத்திருந்த கொத்தனார் ஒருவர், ஊன்றுகோலைச் சுவரில் சாய்த்துவிட்டு உட்கார்ந்ததும் கேட்டார்: "சார், கேஸ் முடிஞ்சு போச்சாமே?" முடியவில்லை. வாய்தாவுக்கு அவர் வராததால், வாகன விபத்து இழப்பீட்டை விசாரிக்கும் தீர்ப்பாயம் அவர் மனுவைத் தள்ளுபடி செய்திருந்தது, அவ்வளவுதான். யார் மேல் தப்பு, எவ்வளவு இழப்பு என்று எதையும் அது தீர்மானிக்கவில்லை. வழக்கை மறுபடி கோப்புக்கு எடுக்கும்படி மீட்பு மனு போட வழி இருக்கிறது.

அவரைச் சிக்கலில் மாட்டியது அதற்குப் பின் போன நாட்கள்தான். உத்தரவு நகலுக்கு விண்ணப்பித்துவிட்டு, அது கையில் வரட்டும் என்று காத்திருந்தார். பலரும் இப்படித்தான் நினைக்கிறார்கள். மீட்பு மனுவுக்கான 30 நாள், தள்ளுபடியான தேதியிலிருந்தே ஓடத் தொடங்கிவிடும். நகல் வந்த நாளோ, விஷயம் தெரிந்த நாளோ கணக்கில்லை. அதனால் நகலுக்குப் போட்டுவிட்டு, மனுவையும் உடனே தயார் செய்துவிடுங்கள்.

30 நாள் தாண்டிவிட்டதா? அப்போது மீட்பு மனு மட்டும் போதாது. காலவரையறைச் சட்டத்தின் 5-வது பிரிவில் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர்ந்து போக வேண்டும். அதில் நாள் கணக்கு சரியாக இருக்கட்டும். மார்ச் 10-ல் தள்ளுபடி என்றால் ஏப்ரல் 9 வரை கெடு. ஜூன் 20-ல் தாக்கல் செய்தால் தாமதம் 72 நாள். தள்ளுபடி நாளிலிருந்தே எண்ணி 102 என்று எழுதுபவர்கள் உண்டு. இப்படிப்பட்ட பிழைக்கு மனு திரும்பி வந்தால் இன்னும் சில வாரம் போய்விடும்.

எனக்கு மனம் வலிப்பது பிரமாணப் பத்திரங்களைப் படிக்கும்போதுதான். "மனுதாரருக்கு உடல்நிலை சரியில்லாததால் ஆஜராக முடியவில்லை" என்று ஒரே வரி இருக்கும். என்ன நோய், எந்தத் தேதி, எந்த ஆஸ்பத்திரி? எதுவும் இருக்காது. நம் கொத்தனாரோ வாய்தாவுக்கு முந்தின நாள்தான் பிளேட்டை எடுக்க அட்மிட் ஆகியிருந்தார். டிஸ்சார்ஜ் சீட்டு வீட்டு டிரங்குப் பெட்டியில் கிடந்தது, யாரும் அதைக் கேட்கவே இல்லை. சேர்ந்த தேதி, வீட்டுக்கு வந்த தேதி, எத்தனை வாரம் காலை ஊன்றக் கூடாது என்று டாக்டர் எழுதியது, விஷயம் எப்போது தெரிந்தது, எல்லாவற்றையும் வரிசையாக எழுதி சீட்டின் நகலை இணைத்தோம். தாமதம் எத்தனை நாள் என்பதைவிட, சொல்லும் காரணம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்று உச்ச நீதிமன்றம் 1998-ல் பாலகிருஷ்ணன் வழக்கில் சொன்னது. காரணம் உண்மையாக இருக்க வேண்டும். பொய்ச் சான்றிதழ் மட்டும் வேண்டாம். அது வெளிப்பட்டால் வழக்கே பாழாகிவிடும். எல்லாப் பழியையும் பழைய வக்கீல் மேல் போடுவதும் உதவாது. நீங்கள் அவரிடம் எப்போது விசாரித்தீர்கள் என்ற கேள்வி கண்டிப்பாக வரும்.

"விடுங்க, புதுசா ஒண்ணு போட்டுக்கலாம்" என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். 2022 ஏப்ரல் 1 முதல், விபத்து நடந்த 6 மாதத்துக்குள் இழப்பீட்டு மனு போட வேண்டும் என்று மோட்டார் வாகனச் சட்டத்தின் 166-வது பிரிவு சொல்கிறது. பழைய மனுவுக்கு உயிர் கொடுப்பதுதான் பாதுகாப்பு.

மனுவை ஏற்று கோர்ட் எண் கொடுத்ததும் ஓய்ந்துவிடக் கூடாது. இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கும் வண்டி உரிமையாளருக்கும் நோட்டீஸ் போக பேட்டா, அதாவது அதை அனுப்பும் கட்டணம், கட்ட வேண்டும். கட்டாமல் விட்டு, மீட்பு மனுவே தள்ளுபடியான கதைகள் நிறைய. செலவுத் தொகை கட்டச் சொல்லி உத்தரவானால் கெடு தேதிக்கு முன்பே கட்டிவிடுங்கள். தாமதமான காலத்துக்கு இழப்பீட்டுத் தொகையில் வட்டி கிடையாது என்ற நிபந்தனையும் வரலாம். அதற்காகச் சண்டை போட்டு மாதங்களை இழக்க வேண்டாம் என்பது என் கருத்து.

பணம்தான் தடை என்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பெண்கள், குழந்தைகள், மாற்றுத்திறனாளிகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் கிடைப்பார்.

வழக்கு கோப்புக்கு வந்த பின் முதல் வாய்தாவுக்கே காயச் சான்று, டிஸ்சார்ஜ் சீட்டு, மருந்து பில்கள் எல்லாவற்றையும் அசலாக எடுத்துப் போங்கள். கொத்தனார் அன்றைக்குக் காலை ஒன்பதரைக்கே கோர்ட் வாசலில் நின்றார், கையில் அந்தக் காகிதங்கள் இருந்த பையோடு.