வழக்கறிஞர் அதிபரின் ஆலோசகராகவும் குரலாகவும் ஆவது எப்படி

தமிழில் 'கட்சிக்காரர்' என்ற சொல்லுக்கு இரண்டு பொருள் உண்டு. நீதிமன்ற வளாகத்தில் அது வக்காலத்து கொடுத்தவரைக் குறிக்கும். தேர்தல் மேடையில் கொடி பிடிப்பவரைக் குறிக்கும். வழக்கறிஞராக இருந்து அதிபரின் ஆலோசகராகவும் செய்தித் தொடர்பாளராகவும் ஆக விரும்புகிறவர் இந்த இரண்டு கட்சிக்காரர்களையும் ஒரே நாளில் வாசலில் விட்டுவிட்டு உள்ளே போக வேண்டியிருக்கும். உள்ளே அவருக்காகக் காத்திருக்கும் கட்சிக்காரர் அந்த நாற்காலியில் அமர்ந்திருக்கும் மனிதர் அல்லர், அந்தப் பதவி. இந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டவர்கள் பெரும்பாலும் பெயர் கெடாமல் வெளியே வந்திருக்கிறார்கள். மறந்தவர்கள் பலர் வேறு விதமாக வந்திருக்கிறார்கள்.

அதிபரே ஆட்சித் தலைவராக இருக்கும் நாடுகளில்தான் இந்தப் பணி முழு வடிவில் உண்டு. அதனால் எடுத்துக்காட்டுகளை அமெரிக்காவிலிருந்தும் பிலிப்பைன்ஸிலிருந்தும் எடுத்துக்கொள்கிறேன். அமைச்சரவையின் ஆலோசனைப்படி நடக்கும் இந்தியக் குடியரசுத் தலைவரின் மாளிகையில் இதற்கு நேர் இணையான பதவி இல்லை. இலங்கையில் 'ஜனாதிபதி சட்டத்தரணி' என்று கேள்விப்பட்டுக் குழம்பிவிட வேண்டாம். அது மூத்த சட்டத்தரணிகளுக்கு வழங்கப்படும் தகுதிப் பட்டம். அதைப் பெற்றவர் ஜனாதிபதியை நேரில் சந்தித்திருக்க வேண்டும் என்றுகூட இல்லை.

முதலில் எந்தச் சட்டத்தில் கை தேர்வது என்பதைப் பார்ப்போம். சொத்து வழக்கிலும் காசோலை வழக்கிலும் எவ்வளவு பெயர் எடுத்தாலும் அது உங்களை அதிபர் மாளிகைக்குக் கொண்டுபோகாது. அரசமைப்புச் சட்டம், தேர்தல் சட்டம், நிர்வாகச் சட்டம், பன்னாட்டுச் சட்டம் ஆகிய நான்கில் ஒன்றிலாவது பிறர் உங்களைத் தேடி வந்து கருத்துக் கேட்கும் நிலை வர வேண்டும். இவற்றில் தேர்தல் சட்டத்துக்கு ஒரு தனிச் சிறப்பு உண்டு: வேட்பாளருக்கு வழக்கறிஞர் மிக அவசரமாகத் தேவைப்படுவதும், அந்த வழக்கறிஞரை அவர் வாழ்நாள் முழுவதும் மறக்காமல் இருப்பதும் அங்கேதான். 2000ஆம் ஆண்டு புளோரிடா மாநிலத்தில் வாக்கு மறு எண்ணிக்கை பற்றிய சச்சரவு நவம்பர் 7 தேர்தலிலிருந்து டிசம்பர் 12 உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வரை நீடித்தது. அதில் அதிபர் வேட்பாளர் அல் கோர் தரப்பின் சட்டப் பணிகளைக் கவனித்தவர்களில் ஒருவரான ரான் கிளெய்ன், இருபது ஆண்டுகள் கழித்து அதிபர் பைடனின் தலைமை அலுவலரானார். அந்த வழக்கில் கோர் தோற்றார் என்பதையும் சேர்த்தே நினைவில் கொள்ளுங்கள். தோற்ற வழக்கும் ஆளை அடையாளம் காட்டும்.

அடுத்தது, பேசிப் பழகுவது. வகுப்பறை இதற்கு நல்ல களம். பிலிப்பைன்ஸ் அதிபர் பெனிக்னோ அகினோவின் ஆட்சிக்காலம் முழுவதும், 2010 முதல் 2016 வரை, செய்தித் தொடர்பாளராக இருந்த எட்வின் லாசியர்தா வழக்கறிஞர். அரசமைப்புச் சட்டம் கற்பித்தவர். அடுத்த அதிபர் துதெர்தேவின் தொடர்பாளர்களில் ஒருவரான ஹேரி ரோக் பிலிப்பைன்ஸ் பல்கலைக்கழகத்தில் சட்டப் பேராசிரியராக இருந்தவர். சட்டம் தெரியாத இருபது வயதுப் பிள்ளைக்கு ஒரு தீர்ப்பை ஐந்து நிமிடத்தில் விளங்க வைக்கத் தெரிந்தவருக்கு நிருபருக்கு விளங்க வைப்பது கடினமாக இருக்காது. தொலைக்காட்சி விவாதங்களில் கத்திப் பழகுவது வேறு வித்தை. அது அழைப்பு வாங்கித் தரும், நம்பிக்கை வாங்கித் தராது.

அழைப்பு வந்ததும் முதல் வேலையாக நன்றிக் கடிதம் எழுத உட்காராதீர்கள். உங்கள் பழைய கோப்புகளை நீங்களே எதிர்த்தரப்பு வழக்கறிஞர் போலப் படியுங்கள். யாருக்காக ஆஜரானீர்கள், எந்த மேடையில் என்ன சொன்னீர்கள், எதற்காகக் கையெழுத்திட்டீர்கள் என்பதையெல்லாம் தேதி வாரியாக ஒரு தாளில் எழுதுங்கள். இது ஏன் தேவை என்பதற்கு ரோக்கின் பயணத்தை விடத் தெளிவான சான்று வேண்டியதில்லை. பிலிப்பைன்ஸ் பன்னாட்டுக் குற்றவியல் நீதிமன்றத்தில் சேர வேண்டும் என்று முன்னின்று இயக்கம் நடத்தியவர் அவர். 2011இல் நாடு உறுப்பினராகவும் ஆயிற்று. 2018 மார்ச்சில் அந்த நீதிமன்றத்திலிருந்து விலகுவதாகத் துதெர்தே அறிவித்தபோது, அதற்கு நியாயம் சொல்லும் இடத்தில் அதே ரோக் நின்றுகொண்டிருந்தார். ரோக் தொடர்பாளராகி நான்கைந்து மாதம்தான் ஆகியிருந்தது.

இன்னொன்றும் உண்டு, கதையில் எழுதினால் நம்பமாட்டார்கள். 2009 நவம்பர் 23 அன்று பிலிப்பைன்ஸின் மகிண்டனாவோ மாகாணத்தில் 58 பேர் கொல்லப்பட்டார்கள்; அவர்களில் 32 பேர் ஊடகத் துறையினர். அந்த வழக்கில் கொல்லப்பட்ட ஊடகத்தினர் சிலரின் குடும்பங்களுக்காக நின்றவர் ரோக். முதன்மைக் குற்றவாளியாகக் குறிக்கப்பட்டவருக்காக ஒரு கட்டத்தில் ஆஜரானவர் சால்வடார் பனேலோ. எதிரெதிர் மேசையில் அமர்ந்த இருவரும் ஒரே அதிபருக்கு அடுத்தடுத்துச் செய்தித் தொடர்பாளர்கள் ஆனார்கள். 2019 டிசம்பரில் அந்த வழக்கில் தண்டனைத் தீர்ப்பு வந்தபோது அதிபர் மாளிகையின் சார்பில் பேசும் பொறுப்பு பனேலோவிடம் இருந்தது. குற்றம் சாட்டப்பட்டவருக்காக வாதாடுவது தொழில் கடமை. அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. ஆனால் அப்படிப்பட்ட நாள் வரும்போது யார் பேசுவது, நீங்களா உங்கள் துணைத் தொடர்பாளரா என்பதைப் பதவி ஏற்கும் முன்பே முடிவு செய்து வைத்திருக்க வேண்டும். வழக்கில் விலகிக்கொள்வது போல, ஒரு கேள்வியிலிருந்தும் வெளிப்படையாக விலகிக்கொள்ளலாம்.

இனி, இந்த வழிகாட்டியில் நான் அதிகம் வற்புறுத்த விரும்பும் இடத்துக்கு வருகிறேன். ஆலோசகர் என்பவர் கேட்டதை வெளியே சொல்லாதவர். தொடர்பாளர் என்பவர் சொல்வதற்கென்றே இருப்பவர். இரண்டையும் ஒருவரே செய்யும்போது ஒன்று மற்றொன்றைத் தின்னத் தொடங்கும். பனேலோ அதிபரின் தலைமைச் சட்ட ஆலோசகராக இருந்துகொண்டே 2018 அக்டோபர் முதல் 2020 ஏப்ரல் வரை தொடர்பாளராகவும் இருந்தார். அமெரிக்காவில் கிளின்டன் காலத்தில் இதைப் பிரித்து வைக்க முயன்றார்கள். அப்போதைய செய்திச் செயலாளர் மைக் மெக்கரி வழக்கறிஞர் அல்லர். 1998இல் மோனிகா லெவின்ஸ்கி விவகாரத்தில் அதிபர் விசாரணைக்குள்ளானபோது, உண்மையில் என்ன நடந்தது என்று அதிபரிடம் நேரடியாகக் கேட்பதை அவர் வேண்டுமென்றே தவிர்த்தார். கேட்டுத் தெரிந்துகொண்டால் தாமும் சாட்சியாக அழைக்கப்படலாம் என்பது காரணம். தெரிந்தவர்கள் பேசவில்லை, பேசியவருக்குத் தெரியவில்லை.

வழக்கறிஞர் என்றால் தொழில் இரகசியம் என்ற கவசம் உண்டே என்று நினைப்பீர்கள். அங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். அதே 1998இல் வெள்ளை மாளிகையின் துணைச் சட்ட ஆலோசகர் புரூஸ் லிண்ட்சி அந்தக் கவசத்தைப் பிடித்தபோது, வாஷிங்டன் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அரசுச் சம்பளம் வாங்கும் வழக்கறிஞர், குற்றச் செயல் பற்றிய தகவலைக் கூட்டாட்சிப் பெருநடுவர் குழு (குற்றம் சாட்டலாமா என்று முடிவு செய்யும் குடிமக்கள் குழு) கேட்கும்போது, கட்சிக்காரர் இரகசியம் என்று சொல்லி மறைக்க முடியாது என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். ஆகவே அதிபர் தம் சொந்தச் சிக்கலைப் பற்றிப் பேச்செடுத்தால், "இதை உங்கள் தனி வழக்கறிஞரிடம் சொல்லுங்கள், என்னிடம் சொல்லாதீர்கள்" என்று இடைமறித்துச் சொல்ல வேண்டும். முதல் வாரத்திலேயே சொல்லிவிட்டால் அது நெறியாகத் தோன்றும். ஆறாவது மாதம் சொன்னால் கைவிடுவதாகத் தோன்றும்.

பதவியை ஏற்கும்போது கேட்டுப் பெற வேண்டியவையும் இதையொட்டியே அமையும். எந்தக் கூட்டத்திலும் முன்னறிவிப்பின்றி உள்ளே வந்து அமரும் உரிமை வேண்டும். அதிபரின் வாயிலிருந்தே விடை பெறும் வசதி, நடுவில் ஆள் இல்லாமல், நாளுக்கு ஒருமுறையாவது வேண்டும். தெரியாத ஒன்றைத் தெரியாது என்று பொதுவில் சொல்லும் சுதந்திரம் வேண்டும். சம்பளம், வாகனம், அலுவலக அறை பற்றிய பேச்சையெல்லாம் இதற்குப் பிறகு வைத்துக்கொள்ளலாம். உங்கள் அலுவலகத்தில் நிலுவையில் உள்ள வழக்குகளை இளையவர்களிடமோ வேறு வழக்கறிஞரிடமோ முறையாக ஒப்படைத்து, கட்சிக்காரரிடம் எழுத்தில் ஒப்புதல் பெறுங்கள். பிலிப்பைன்ஸில் 1989ஆம் ஆண்டு நடத்தை நெறிச் சட்டம், அரசு அலுவலர் தனியாகத் தொழில் நடத்துவதைப் பொதுவாகத் தடுக்கிறது. விலகிய பின்னும் தாம் இருந்த அலுவலகம் தொடர்பான விவகாரங்களில் ஓராண்டு தொழில் நடத்த முடியாது.

மேடையில் நிற்கும்போது நீதிமன்றப் பழக்கங்களில் பாதியை மறக்க வேண்டும். அங்கே வாய்தா கிடையாது. எதிர்க்கேள்வியை ஆட்சேபிக்க முடியாது. நீதிபதி இல்லை, நடுவர் இல்லை, நேரடி ஒளிபரப்பு மட்டும் இருக்கும். வெள்ளை மாளிகையின் செய்தியாளர் அறையில் இருக்கைகள் 49தான், ஆனால் கேட்பவர்கள் உலகம் முழுவதும் இருக்கிறார்கள். வழக்கறிஞர்கள் அங்கே செய்யும் மிகப் பொதுவான பிழையை ஒரு கற்பனைச் சூழலில் காட்டுகிறேன். ஓர் அமைச்சர் விலகிவிட்டார். "அதிபர் விலகச் சொன்னாரா?" என்று கேள்வி வருகிறது. பிரமாண வாக்குமூலம் எழுதிப் பழகிய நா இப்படிச் சொல்லும்: "எனக்குத் தெரிந்தவரை எழுத்துபூர்வமான உத்தரவு எதுவும் பிறப்பிக்கப்படவில்லை." இதில் பொய் இல்லை. ஆனால் 'எழுத்துபூர்வமான' என்ற சொல் காதில் விழுந்த கணமே முன்வரிசை நிருபர் பேனாவை எடுத்துவிடுவார், "அப்படியானால் வாய்மொழியாக?" என்ற அடுத்த கேள்வியே மறுநாள் தலைப்புச் செய்தி. நீதிமன்றத்தில் காப்பாற்றும் சொல் இங்கே காட்டிக்கொடுக்கிறது. மாறாக, "விலகல் கடிதம் நேற்று மாலை வந்தது, அதிபர் ஏற்றுக்கொண்டார். அவர்கள் இருவரும் பேசியதை நான் வெளியிட மாட்டேன்" என்று சொன்னால், நிருபருக்குக் கோபம் வரலாம், ஏமாற்றப்பட்டதாகத் தோன்றாது. மறுப்பதானால் மறுப்பு என்று தெரியும்படி மறுக்க வேண்டும்.

சட்டப் படிப்பு முடித்து, கருத்துக் கணிப்பு நிறுவனம் நடத்தி, டிரம்பின் ஆலோசகரான கெலியான் கான்வே 2017 ஜனவரி 22 அன்று பதவியேற்பு விழாக் கூட்டத்தின் அளவு பற்றிய கேள்விக்கு 'மாற்று உண்மைகள்' என்ற தொடரைப் பயன்படுத்தினார். வாதத்துக்கு எதிர்வாதம் வைப்பது வழக்கறிஞரின் இயல்பு. தலைகளை எண்ணிப் பார்க்கக்கூடிய ஒரு கூட்டத்துக்கு எதிர்வாதம் வைக்க முடியாது. அந்த இரண்டு சொற்கள் அவருடைய மற்ற எல்லாப் பேச்சையும் விட நீண்ட ஆயுள் பெற்றுவிட்டன.

அன்றாட வேலை பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. விடிவதற்கு முன் செய்தித்தாள்கள், காலையில் துறைகளிடமிருந்து குறிப்புகள், வரக்கூடிய இருபது கேள்விகளும் அவற்றுக்கு ஒவ்வொரு வரியில் விடையும். விடைத் தாளில் ஒவ்வொரு தகவலுக்கும் எதிரே அதைத் தந்த அலுவலரின் பெயரையும் நேரத்தையும் எழுதி வையுங்கள். ஆவணத்துக்குச் சான்றடையாளம் இடும் பழக்கம் உங்களிடம் ஏற்கெனவே உண்டு. இந்தப் பழக்கத்தை மட்டும் விட்டுவிடாதீர்கள். தேர்தல் நெருங்கும்போது இன்னும் கவனம் வேண்டும். அமெரிக்காவில் 1939ஆம் ஆண்டு ஹேட்ச் சட்டம் அரசு ஊழியர்கள் பதவியின் பெயரால் தேர்தல் பேச்சுப் பேசுவதைக் கட்டுப்படுத்துகிறது. அதை மீறியதாகக் கான்வேயைப் பணியிலிருந்து நீக்கலாம் என்று 2019 ஜூனில் அதற்கான கண்காணிப்பு அலுவலகம் பரிந்துரைத்தது. அதிபர் அதை ஏற்கவில்லை என்பது வேறு. பேட்டிக்கு முன் அந்தச் சட்டத்தை மறுபடி படித்திருக்க வேண்டியவர் மற்ற எவரையும் விட வழக்கறிஞர்தானே.

கடைசியாக, வெளியேறுவது. விலகல் கடிதத்தின் முன்வரைவைப் பதவியேற்ற வாரத்திலேயே எழுதி வீட்டில் வையுங்கள், எந்த நிலைமையில் அதை எடுப்பீர்கள் என்ற ஒரு வரியோடு. அதிபர் ஃபோர்டின் செய்திச் செயலாளர் ஜெரால்ட் டெர்ஹோர்ஸ்ட் பத்திரிகையாளர், வழக்கறிஞர் அல்லர். ஆயினும் அவரிடம் கற்க வேண்டியது இருக்கிறது. பதவியில் இருந்தது ஒரு மாதம்தான். முன்னாள் அதிபர் நிக்சனுக்கு மன்னிப்பு வழங்கும் பேச்சு எதுவும் இல்லை என்று தமக்குச் சொல்லப்பட்டதை நம்பி அவர் செய்தியாளரிடம் மறுத்திருந்தார். 1974 செப்டம்பர் 8 அன்று மன்னிப்பு அறிவிக்கப்பட்டது. அதே நாளில் அவர் விலகினார். மனச்சான்றுப்படி அந்த முடிவை ஆதரிக்க இயலவில்லை என்பதைக் கடிதத்தில் சொல்லிவிட்டு, தம் பழைய தொழிலான பத்திரிகைக்கே திரும்பிப் போனார்.