சங்கத் தேர்தல் தாவா: விசாரணையைக் கோட்டைவிடும் தவறுகள்

தூத்தூர்ப் பக்கத்திலிருந்து ஆழ்கடலுக்குப் போன படகு கரை திரும்ப வாரக்கணக்காகும். அந்த இடைவெளியில், கூட்டுறவுச் சங்க உறுப்பினர் பட்டியலிலிருந்து உங்கள் பெயரை ஏன் நீக்கக் கூடாது என்று கேட்டு வீட்டுக்கு நோட்டீஸ் வருகிறது. "மகன் வந்த பிறகு பார்க்கலாம்" என்று அம்மா தபாலைத் திருப்பி அனுப்பிவிடுகிறார். நான் பார்த்தவற்றில் அதிகம் பேரை வீழ்த்திய தவறு இதுதான். வாங்க மறுத்த தபாலைப் பொதுவாகச் சேர்ந்ததாகவே சட்டம் கருதும். விசாரணை நாளில் யாரும் போகாவிட்டால், ஒருதலைப்பட்சமாக உத்தரவு வந்துவிடும்.

ஆகவே கடலுக்குப் போகும் முன்பே வீட்டில் சொல்லி வையுங்கள்: தபாலை வாங்க வேண்டும், அன்றைக்கே நோட்டீஸ் எண்ணைக் குறிப்பிட்டு, அவர் கடலில் இருக்கிறார், அவகாசம் வேண்டும் என்று எழுதி அனுப்ப வேண்டும், அனுப்பிய ரசீதைப் பத்திரப்படுத்த வேண்டும். அவகாசம் மறுக்கப்பட்டால், அந்தக் கடிதம் மேல்முறையீட்டில் உங்களுக்குச் சாட்சி. உரிமையைப் பாதிக்கும் உத்தரவு வெறும் நிர்வாக உத்தரவாகவே இருந்தாலும், பாதிக்கப்படுபவரைக் கேட்காமல் போடக் கூடாது என்று 1967-இல் பினாபாணி தே வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஒரிசாவின் அரசு மருத்துவர் ஒருவரின் பிறந்த தேதியை அரசே மாற்றியதில் எழுந்த வழக்கு அது.

செயலாளரிடம் நேரில் சொல்லிவிட்டோம் என்று இருந்துவிடுவது அடுத்த தவறு. வாய்ச்சொல் கோப்பில் ஏறாது.

வேட்புமனு தள்ளுபடியானதும் மதுரை உயர் நீதிமன்றக் கிளைக்கு ஓடுகிறவர்களும் உண்டு. கோபம் நியாயம்தான், வழி அதுவல்ல. நாமக்கல் தொகுதி வேட்புமனு ஒன்று நிராகரிக்கப்பட்ட வழக்கில், 1952-லேயே உச்ச நீதிமன்றம் தேர்தலை நடுவில் நிறுத்த மறுத்தது. கூட்டுறவுத் தேர்தல்களிலும் நீதிமன்றங்கள் பெரும்பாலும் அந்த நெறியையே பின்பற்றுகின்றன. முடிவு வந்தபின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 1983-இன் 90-ஆம் பிரிவின்படி தாவா, அதாவது தகராறு மனு, தொடுப்பதே நேர்வழி. இதற்குக் காலவரம்பு உண்டு. முடிவு அறிவித்த மறுநாளே வேலையைத் தொடங்குங்கள்.

மனு எங்கே போகிறது என்பதையும் பாருங்கள். தொடக்க வேளாண்மைக் கடன் சங்கம் என்றால் கூட்டுறவுத் துறை. ஆனால் மீனவர் சங்கங்களுக்கு மீன்வளத் துறை, பால் சங்கங்களுக்குப் பால்வளத் துறை, வடசேரி போன்ற ஊர்களின் நெசவாளர் சங்கங்களுக்குக் கைத்தறித் துறை என்று பதிவாளர் அதிகாரம் பிரிந்து கிடக்கிறது. தவறான அலுவலகத்தில் மனு தூங்கும்போது கெடு ஓடிக்கொண்டிருக்கும்.

இனி, நல்ல வழக்குகளையும் தோற்கடிக்கும் தவறு. வென்றவரை எதிர்மனுதாரராகச் சேர்க்காமல், தேர்தல் அலுவலரை மட்டும் சேர்த்து மனுப் போடுகிறார்கள். "அவர் முகத்தில் விழிக்கவே பிடிக்கவில்லை" என்று ஒருவர் என்னிடம் காரணம் சொன்னார். அவருடைய மனத்தாங்கல் எனக்குப் புரிந்தது. ஆனால் தீர்ப்பால் பதவி இழக்கப்போவது வென்றவர். அவரைக் கேட்காமல் அவர் வெற்றியை ரத்து செய்ய முடியாது. நமக்காக நாம் கேட்கும் அதே நியாயம் அவருக்கும் உண்டு. அதை மறந்தால், உண்மை நம் பக்கம் இருந்தும் மனு விழும்.

விசாரணை அதிகாரி எதிர்த்தரப்பின் உறவினர் என்று தெரிந்தும், முதல் நாளில் வாய் திறக்காமல், தோற்ற பிறகு சொல்வது பலிக்காது. தொடக்கத்தில் எழுப்பாத ஆட்சேபத்தைக் கைவிட்டதாகவே கொள்ள வேண்டும் என்பது 1957-இன் மாணக் லால் வழக்குத் தீர்ப்பு. அதேபோல், எந்த ஆவணத்தை வைத்து உங்களுக்கு எதிராக முடிவெடுக்கப் போகிறார்களோ அதன் நகலைக் கேளுங்கள். வாக்குமூலத்தைப் படித்துப் பார்க்காமல் கையெழுத்திடாதீர்கள்.

உத்தரவு வந்ததும் "தள்ளுபடி" என்ற சொல்லை மட்டும் பார்த்து மடித்து வைத்துவிடாதீர்கள். நீங்கள் சொன்ன வாதங்களை ஒவ்வொன்றாக எடுத்து, அதற்கு உத்தரவில் பதில் இருக்கிறதா என்று பாருங்கள். உத்தரவில் இல்லாத காரணத்தைப் பின்னால் பிரமாணப் பத்திரத்தில் சேர்த்து முட்டுக்கொடுக்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியிருக்கிறது. அதுவும் ஒரு தேர்தல் வழக்குதான். பதில் இல்லாத வாதங்களைக் குறித்துக்கொண்டு, சான்றிட்ட நகலுக்கு அன்றே விண்ணப்பியுங்கள்.