40 பேர் கல்யாணம், ஒரே இடம்

தங்கச்சி கல்யாணம், மொத்தமே 40 பேர்தான். மண்டபத்துல கேட்டா 300 பேர் ரேட்டுதான் சொல்றாங்க, சரி திருநீர்மலை கோவில்ல தாலி கட்டிட்டு சாப்பாட்டுக்கு வேற ஹோட்டல்னு பாத்தா முட்டி வலி பாட்டிய மலை ஏத்தி இறக்கி அப்புறம் வேன்ல ஏத்தி… ஆகற காரியமா அது.

அப்புறம் ஹோட்டல் பார்ட்டி ஹால் பக்கம் போனேன். ஏசி ஹால்ல பெரிய தலைவலி ஹோமம்தான், புகை பட்டா ஸ்மோக் டிடெக்டர் கத்தும்னு அக்னியே கூடாதுங்கறாங்க, சில பேர் அட்வான்ஸ் பேசற வரைக்கும் இத வாயே திறக்கறதில்ல. அதனால போன்லயே கேட்டுட்டேன், ஹோமம் வளக்கலாமா, குறைஞ்சது எத்தன இலைக்கு காசு, விடியக்காலை 4 மணிக்கு கதவு திறப்பீங்களான்னு. கடைசில ஒரு சைவ ஹோட்டல் மாடி கிடைச்சுது. திறந்த வராண்டால ஹோமம், உள்ள பந்தி, பாட்டிக்கு லிஃப்ட். நாதஸ்வரத்துக்கு மைக் வேணாம்னுட்டேன், சின்ன இடத்துல காது போயிடும்.

இன்னொண்ணு, தமிழ்நாட்டுல 2009 சட்டப்படி 90 நாளுக்குள்ள கல்யாணத்த பதியணும், அதனால பத்திரிகை, ஹால் ரசீது ரெண்டையும் தூக்கி போட்டுடாதீங்க.